அண்ணலின் நிழல் தேடி அலைந்தவர்

இரண்டாமாண்டு, இளமறிவியல் (இயற்பியல்)

'உலகம் சுற்றும் வாலிபன்' என்றால் நம் கல்லூரியில் தெரியாதவர் எவருமில்லை. 1973-இல் வெளிவந்த அந்தப் படத்தின் பாடல்கள் இன்றும் நம் ஊர்ப் பேருந்துகளில் ஒலிக்கின்றன. 'உலகம் சுற்றும் தமிழன்' யார் என்று விடுதித் தோழியர் சிலரிடம் கேட்டேன். படத்தின் பெயரை நான் தவறாகச் சொல்வதாக எண்ணி என்னைத் திருத்தினார்கள்! வாலிபனுக்கு முப்பது ஆண்டுகளுக்கும் முன்பே தமிழன் ஒருவர் உலகைச் சுற்றி வந்துவிட்டார். அவர் கையில் ஒரு படப்பிடிப்புக் கருவியும், மனத்தில் ஒரே ஒரு மனிதரின் உருவமும் இருந்தன. அவர்தாம் ஏ. கே. செட்டியார்.

பயண நூலாசிரியர் என்றும், 'குமரி மலர்' ஆசிரியர் என்றும் தமிழ் இலக்கியம் பயில்வோர் அவரை அறிவர். இரண்டும் உண்மையே. ஆனால் அவர் முறையாகக் கற்ற தொழில் ஒளிப்படத் தொழில். இளமையின் மிக நல்ல மூன்று ஆண்டுகளை அவர் கொடுத்தது ஒரு திரைப்படத்துக்கு. அந்தப் படத்தில் நடிகர் இல்லை, கதாசிரியர் இல்லை, பின்னால் நின்று செலவு செய்யப் பெரிய ஸ்டூடியோவும் இல்லை. ஆகவே இந்தக் கட்டுரையில் அவரை எழுத்தாளராக அன்றி, படம் பிடித்தவராகவும் படம் தொகுத்தவராகவுமே பார்க்க விரும்புகிறேன்.

1911 நவம்பர் 4 அன்று, அன்றைய இராமநாதபுரம் மாவட்டத்தைச் சேர்ந்த கோட்டையூரில் நகரத்தார் குடும்பத்தில் பிறந்தார். இயற்பெயர் கருப்பன். அக்காலத்தில் செட்டிநாட்டு இளைஞர்கள் கடல் கடப்பது புதுமையன்று. பர்மா, மலேயா, இலங்கை என்று கொண்டுவிற்கப் போவதும், கடையிலே பெட்டியடியில் அமர்ந்து வட்டிக் கணக்கு எழுதுவதும் வழிவழியாக வந்த வழக்கம். கருப்பனும் பர்மாவுக்குக் கப்பல் ஏறினார். ஆனால் அங்கே அவர் பிடித்தது கணக்குப் பேரேட்டை அன்று. இரங்கூனிலிருந்து வெளிவந்த 'தனவணிகன்' இதழின் ஆசிரியராக இருந்தார். இருபதுகளின் தொடக்கத்தில் இருந்த ஒருவருக்கு அது சிறிய பொறுப்பன்று. நம்மில் பலர் அந்த வயதில் அரியர் தாள் எழுதிக்கொண்டிருக்கிறோம்!

பிறகு ஜப்பான். டோக்கியோவில் ஒளிப்படக் கலை பயின்றார். அதன்பின் அமெரிக்கா சென்று நியூயார்க்கில் மேற்பயிற்சி பெற்றார். அன்றைய தமிழ்நாட்டில் படம் பிடிக்கும் கலையை ஸ்டூடியோவில் எடுபிடியாகச் சேர்ந்து, பார்த்துப் பார்த்துத்தான் கற்பார்கள். இரண்டு கண்டங்களுக்குச் சென்று முறையாகக் கற்றுவந்தவர்கள் விரல்விட்டு எண்ணத் தக்கவர்களே. படிப்பை முடித்தவுடன் சென்னைக்கோ பம்பாய்க்கோ வந்திருந்தால், பேசும் படங்கள் பெருகிக்கொண்டிருந்த அந்த நாளில் ஏதாவது ஒரு கம்பெனியில் காமிராமேனாகச் சேர்ந்து கைநிறையச் சம்பாதித்திருக்கலாம்.

அவர் அப்படிச் செய்யவில்லை. 1937 அக்டோபர் 2. நியூயார்க்கிலிருந்து அயர்லாந்தின் டப்ளின் நகருக்கு அட்லாண்டிக் கடலில் பயணம். அன்று காந்தியடிகளின் பிறந்த நாள். அந்தக் கப்பலில்தான், காந்தியடிகளின் வாழ்க்கையை ஒரு டாகுமெண்டரிப் படமாக எடுப்பதென்று அவர் முடிவு செய்தார். அவருக்கு அப்போது இருபத்தாறு வயது நிறைய இன்னும் ஒரு மாதம் இருந்தது.

நடுக்கடலில் தோன்றும் எண்ணங்கள் கரை ஏறியதும் மறந்துபோவது இயல்பு. இந்த எண்ணத்தை மறப்பதற்கு அவருக்கு எத்தனை காரணங்கள் இருந்தன என்று எண்ணிப் பாருங்கள்!

முதலாவது, காந்தியடிகளுக்கே சினிமா பிடிக்காது. 1927-இல் அமைக்கப்பட்ட இந்தியத் திரைப்பட விசாரணைக் குழு அவருடைய கருத்தைக் கேட்டபோது, சினிமாவால் விளையும் கேட்டைத்தான் அவர் எடுத்துக்காட்டினார். 1931-இல் இலண்டனில் சார்லி சாப்ளினைச் சந்திக்க ஏற்பாடானபோது, அவர் யார் என்பதையே பிறர் காந்தியடிகளுக்குச் சொல்ல வேண்டியிருந்தது. இப்படிப்பட்டவரைக் கதாநாயகராக வைத்துப் படம்!

அடுத்தது அரசாங்கம். 1930-இல் தண்டி யாத்திரையைப் படம் பிடித்த சுருள்கள் பல மாகாணங்களில் தடை செய்யப்பட்டன. திரையில் காந்தியடிகளைக் கண்டதும் கொட்டகையில் எழும் முழக்கத்துக்கு அன்றைய ஆட்சி அஞ்சியது. 1937-இல் மாகாணங்களில் காங்கிரஸ் அமைச்சரவைகள் ஏற்பட்ட பிறகு கெடுபிடி சற்றுத் தளர்ந்தது என்றாலும், அந்தத் தளர்ச்சி எத்தனை நாளைக்கு என்பது எவருக்கும் தெரியாது.

இவையெல்லாவற்றிலும் பெரிய தடை ஒன்று உண்டு. அதுதான் என்னை வியக்க வைத்தது. காந்தியடிகள் அப்போது அறுபத்தெட்டு வயதை எட்டியவர். அவருடைய வாழ்க்கையின் பெரிய நிகழ்ச்சிகள் முன்பே நடந்து முடிந்துவிட்டன. நடந்து முடிந்ததை எப்படிப் படம் பிடிப்பது? நடிகர்களை வைத்து நடிக்கச் செய்வது செட்டியாரின் நோக்கமன்று. அந்தந்த நிகழ்ச்சி நடந்தபோது அங்கே நின்ற எவரோ ஒரு காமிராக்காரர் ஓட்டிய சில நூறு அடி பிலிமைத் தேடி எடுக்க வேண்டும். அந்த எவரோ ஒருவர் பம்பாயில் இருக்கலாம், இலண்டனில் இருக்கலாம், இறந்தும் போயிருக்கலாம். எந்தச் சுருள் எங்கே கிடக்கிறது என்பதற்கு ஒரு பட்டியல்கூடக் கிடையாது.

செட்டியார் தேடத் தொடங்கினார். சென்னையில் 'டாகுமெண்டரி பிலிம்ஸ் லிமிடெட்' என்ற கம்பெனி இதற்காக ஏற்பட்டது. கம்பெனி என்ற பெயரைக் கேட்டு மாடிக் கட்டடத்தை நினைத்துவிட வேண்டாம். ஊர் ஊராக, நாடு நாடாக அலைந்து கதவைத் தட்டிய கம்பெனி பெரும்பாலும் அந்த ஒரு மனிதரே. நான்கு கண்டங்களில் ஏறக்குறைய ஒரு இலட்சம் மைல் அவர் பயணம் செய்தார். பூமியின் சுற்றளவு ஏறத்தாழ 25,000 மைல். ஆகவே பூமியை நான்கு முறை சுற்றிய தொலைவு அது. ஆகாய விமானப் பயணம் செல்வர்க்கும் அரிதாயிருந்த நாள். கப்பலும் இரயிலுமே கதி.

தென்னாப்பிரிக்காவுக்குச் சென்றார். காந்தியடிகள் காந்தியடிகளான இடம் அதுவன்றோ? டர்பனுக்கு அருகே 1904-இல் தொடங்கப்பட்ட பீனிக்ஸ் குடியிருப்பும், ஜோகன்னஸ்பர்க்குக்கு அருகே 1910-இல் அமைந்த டால்ஸ்டாய் பண்ணையும் அங்கே இருந்தன. காந்தியடிகள் 1914-இல் அந்நாட்டைவிட்டுப் புறப்பட்டு இருபது ஆண்டுகளுக்கு மேல் கடந்துவிட்டன. மனிதர் இல்லை, இடம் இருக்கிறது. அந்த இடத்தைப் படம் பிடித்தார். அங்கு நடந்த சத்தியாக்கிரகத்தில் சிறை சென்றவர்களில் தமிழர்கள் மிகப் பலர் என்பதையும், பதினாறு வயதில் உயிர் நீத்த தில்லையாடி வள்ளியம்மை அந்த மண்ணில்தான் உறங்குகிறாள் என்பதையும் நினைத்துப் பார்த்தால், கோட்டையூர்க்காரர் ஒருவர் காமிராவுடன் அங்கே போய் நின்றதன் பொருத்தம் விளங்கும்.

இங்கிலாந்தில் போலக்கைச் சந்தித்தார். ரஸ்கினின் நூலைக் காந்தியடிகளின் கையில் இரயிலேறும் வேளையில் கொடுத்தவர் அந்தப் போலக்தான். அந்த ஓர் இரவு வாசிப்பிலிருந்து பிறந்ததுதான் பீனிக்ஸ். சுவிட்சர்லாந்தில் ரொமெய்ன் ரோலந்தைக் கண்டார். காந்தியடிகளின் வாழ்க்கையை ஐரோப்பியருக்கு 1924-இலேயே எழுதிக் காட்டியவர் ரோலந்து. இடையிடையே செய்திப்படக் கம்பெனிகளின் வாயில்களை ஏறி இறங்கினார். வட்டமேசை மாநாட்டுக்காகக் காந்தியடிகள் 1931-இல் இலண்டன் சென்றபோது மேல்நாட்டுக் காமிராக்கள் அவரை மொய்த்தன அல்லவா? அந்தச் சுருள்கள் எல்லாம் வார வேடிக்கையாக ஒரு முறை காட்டப்பட்டுக் கிடங்கில் போடப்பட்டவை. இந்தியாவிலோ பாரிசில் பயின்று வந்த நம் தமிழர் டாக்டர் பி. வி. பதி போன்ற ஒளிப்பதிவாளர்களின் துணை அவருக்குக் கிடைத்தது.

இப்படி முப்பது ஆண்டுக் காலத்தில், ஏறக்குறைய நூறு காமிராக்காரர்கள் எடுத்த படங்களிலிருந்து அவர் திரட்டியது 50,000 அடி!

இங்கே ஓர் இயற்பியல் மாணவியாகச் சில கணக்குகளைப் போட்டுப் பார்த்தேன். 35 மில்லிமீட்டர் பிலிமில் ஓர் அடிக்குப் பதினாறு படங்கள். பேசும் படம் நொடிக்கு 24 படங்கள் வீதம் ஓடும். எனவே ஒரு நிமிடத்துக்கு 90 அடி. அந்தக் கணக்கில் 50,000 அடியையும் ஓட்டிப் பார்க்க ஒன்பதே கால் மணி நேரம் ஆகும். வெளியான படமோ 12,000 அடி. இரண்டேகால் மணி நேரத்துக்கும் சற்றுக் குறைவு. மிச்சம் 38,000 அடியை, ஏழு மணி நேரப் படத்தை, அவர் தம் கையாலேயே ஒதுக்க வேண்டியிருந்தது. ஒரு இலட்சம் மைல் அலைந்து தேடியவனுக்கு ஓர் அடியையாவது ஒதுக்க மனம் வருமா? நாலு பக்கக் கட்டுரையில் ஒரு பத்தியை வெட்டச் சொன்னாலே நமக்கு முகம் வாடுகிறது. தேடுபவனாக இருந்தவர் தொகுப்பவனாக மாறும்போது, முன்னவன் சேர்த்ததைப் பின்னவன் இரக்கமின்றி வெட்ட வேண்டும். இரண்டு பேரும் ஒரே உடலில் இருந்தால் அந்த மனப் போராட்டம் எப்படியிருக்கும்!

வேறொரு தொல்லையும் உண்டு. பேசாப் படக் காலத்துக் காமிராவைக் கையால் சுழற்றுவார்கள். நொடிக்குப் பதினாறு படம், பதினெட்டுப் படம் என்று அவரவர் கைவேகம். அதை நொடிக்கு 24 வீதம் ஓட்டினால் உருவங்கள் ஒன்றரை மடங்கு வேகத்தில் தாவித் தாவி ஓடும். காந்தியடிகள் இயல்பாகவே விரைந்து நடப்பவர்; உடன் வருவோர் ஓட வேண்டியிருக்கும். பழைய சுருளை அப்படியே ஓட்டினால் பார்ப்பவர்களுக்குச் சிரிப்புத்தான் வரும். இதற்கு ஒரே வழி, இரண்டு படங்களுக்கு ஒரு முறை ஒரு படத்தை இருமுறை அச்சிட்டுப் பதினாறை இருபத்து நான்காக்குவது. நூறு பேர் எடுத்த படத்தில் நூறு வகை வெளிச்சம், நூறு வகைக் கீறல். நகலின் நகலில் புள்ளிகள் பெருத்து முகமே மங்கிப் போகும். ஒரே காமிராக்காரர் ஒரே ஸ்டூடியோவில் எடுத்த படத்தைத் தொகுப்பது இதனோடு ஒப்பிட்டால் விளையாட்டு!

அந்நாளைய பிலிம் செல்லுலோஸ் நைட்ரேட்டால் ஆனது என்பதையும் வேதியியல் நண்பர்கள் அறிவார்கள். தீப்பிடித்தால் தண்ணீர் ஊற்றியும் அணைக்க முடியாது. எரிவதற்கு வேண்டிய ஆக்சிஜன் அதனுள்ளேயே இருக்கிறது. தீப்பிடிக்காவிட்டாலும் நம் ஊர் வெப்பத்திலும் ஈரத்திலும் தானே மக்கிப் பொடியாகிவிடும். அத்தகைய பண்டத்தைக் கடல் கடந்து சுமந்து வந்து சேர்த்திருக்கிறார்.

1940 ஆகஸ்டு 23. சென்னையில் காந்தியடிகளைப் பற்றிய அந்தப் படம் தமிழ் விளக்கவுரையுடன் திரையிடப்பட்டது. மகாத்மாவின் வாழ்க்கையை முழுநீள டாகுமெண்டரியாக முதன்முதலில் கண்டது தமிழ் மொழிதான் என்பதை நாம் பெருமையோடு சொல்லிக்கொள்ளலாம். பின்னர் தெலுங்கு விளக்கவுரையுடனும் வெளிவந்தது. செட்டியாருக்கு வயது இருபத்தெட்டு.

ஆனால் காலம் கெட்ட காலமாக இருந்தது. உலகப் போர் தொடங்கி ஓராண்டு ஆகப்போகிறது. 1939 அக்டோபரிலேயே இராஜாஜியின் அமைச்சரவை பதவி விலகிவிட்டது. கவர்னர் ஆட்சி நடந்தது. படம் வெளியான இரண்டே மாதத்தில் தனிநபர் சத்தியாக்கிரகம் தொடங்கியது. 1942 ஆகஸ்டில் வெள்ளையனே வெளியேறு இயக்கம், காந்தியடிகள் சிறையில். காந்திப் படம் போடக் கொட்டகைக்காரர் எவருக்குத் துணிவு வரும்? மூன்றாண்டு உழைப்பு தகரப் பெட்டிகளுக்குள் போய் அடைந்தது.

நாடு விடுதலை பெற்றபோது இந்தி விளக்கவுரையுடன் அது மீண்டும் ஒளி கண்டது. 1953-இல் அமெரிக்காவில் ஆங்கில வடிவம் ஒன்று, காந்தியடிகளை இருபதாம் நூற்றாண்டின் தீர்க்கதரிசி என்று குறிக்கும் தலைப்போடு உருவானது. நியூயார்க்கில் மாணவனாகக் காமிரா பிடித்தவர், தாம் திரட்டிய படத்தோடு அதே நாட்டில் மறுபடி கால் வைத்தார். நடுவே ஐந்தாண்டுகளுக்கு முன் காந்தியடிகள் சுடப்பட்டு இறந்திருந்தார். உயிரோடிருந்த ஒருவரைப் பற்றி எடுக்கத் தொடங்கிய படம், மறைந்த ஒருவரின் வரலாறாக முடிந்தது.

அதன்பின் அவர் சினிமா உலகில் புகுந்து பெரும்புகழ் ஈட்டவில்லை. 1943-இல் தொடங்கிய 'குமரி மலர்' மாத இதழை இறுதிவரை நடத்தினார். அந்த இதழில் என்ன சிறப்பென்றால், பழைய இதழ்களிலும் நூல்களிலும் புதைந்து கிடந்த எழுத்துகளைத் தேடியெடுத்து மறுபடி அச்சிடுவார். பாரதியார் பற்றியும், சென்ற தலைமுறைப் பெரியோர் பற்றியும், பழங்காலத் தமிழ்நாட்டுப் பயணங்கள் பற்றியும் எத்தனையோ அரிய கட்டுரைகள் அப்படி மறுபிறவி எடுத்தன. 1968-இல் அவர் வெளியிட்ட 'தமிழ்நாடு' என்ற தொகுதி அப்படிச் சேர்த்த பயணக் கட்டுரைகளால் ஆனதே. படத்தொழிலை விட்டு இதழ்த்தொழிலுக்குப் போய்விட்டார் என்று சிலர் சொல்லக்கூடும். நான் அப்படி நினைக்கவில்லை. பிறர் எடுத்த பிலிம் துண்டைக் கிடங்கிலிருந்து மீட்டுத் தூசு தட்டி ஒட்டுவதும், பிறர் எழுதிய கட்டுரையைப் பரணிலிருந்து மீட்டு அச்சேற்றுவதும் ஒரே வேலைதான். கத்தரிக்கோலும் பசையும் மாறவில்லை. பண்டம் மட்டுமே மாறியது.

அவருடைய பயண நூல்களைப் பற்றி ஒரு சொல். 'உலகம் சுற்றும் தமிழன்' நூலை விடுமுறையில் என் அப்பாவுக்கு வாசித்துக் காட்டினேன். எங்கள் வீட்டில் கல்லூரிக்கு வந்த முதல் ஆள் நான். அப்பா நான்காம் வகுப்போடு நின்றவர். பல நூல்களை அவருக்குப் படித்துச் சொல்லும்போது நடுநடுவே நிறுத்திப் பொருள் விளக்க வேண்டியிருக்கும். இந்த நூலில் ஓரிடத்திலும் நிறுத்த நேரவில்லை. சின்னச் சின்ன வாக்கியங்கள்; கண்டதை மட்டும் சொல்லும் நடை; இதழோரத்தில் ஒரு சிரிப்பு. காமிராக் கண்ணோடு எழுதப்பட்ட தமிழ் என்று எனக்குத் தோன்றியது. அப்பா கேட்டதெல்லாம் ஒன்றுதான்: இத்தனை ஊர் போனவர் தன்னைப் பற்றி ஏன் ஒன்றும் சொல்லவில்லை?

சரியான கேள்வி. உலகத்தையே படமெடுத்த செட்டியார், தம்மைப் பிறர் படமெடுப்பதை விரும்பாதவர். அவருடைய உருவப்படங்கள் மிகச் சிலவே கிடைக்கின்றன. விளம்பரத்துக்கு விலகியே நின்றார். காந்திப் படம் எடுத்த கதையை அவ்வப்போது கட்டுரைகளாக எழுதினாரே தவிர, அவற்றிலும் யார் யார் உதவினார்கள், எந்த ஊரில் யாரைப் பார்த்தார் என்பவைதாம் நிறைந்திருக்கின்றன. தாம் பட்ட துன்பம் ஓரிரு வரியில் கடந்து போய்விடும். இந்த அடக்கத்தை எல்லாரும் புகழ்கிறார்கள். எனக்கு அதில் சற்று வருத்தமும் உண்டு. அவர் தம்மைப் பற்றி நாலு பக்கம் கூடுதலாக எழுதியிருந்தால், அந்த 38,000 அடியில் எதை ஒதுக்கினார், ஏன் ஒதுக்கினார் என்பதை இன்று படத்தொகுப்புப் பயிலும் மாணவர்கள் பாடமாகப் படித்திருப்பார்கள்.

1983 செப்டம்பர் 10 அன்று அவர் மறைந்தார். அவர் எடுத்த படமோ அதற்கும் முன்பே மக்கள் கண்ணிலிருந்து மறைந்திருந்தது. 1940-இல் சென்னையில் ஓடிய தமிழ்ப் படத்தின் பிரதியை ஆய்வாளர்கள் நீண்ட காலம் தேடினார்கள். 2003 ஜனவரியில் புனேயில் நேர்ந்த தீவிபத்தில் பழைய நைட்ரேட் படங்கள் பல அழிந்ததைக் கேள்விப்பட்டவர்களுக்கு, இத்தகைய தேடல்களில் எவ்வளவு அச்சம் கலந்திருக்கும் என்பது புரியும். கடைசியில், 1953-ஆம் ஆண்டு ஆங்கில வடிவம் அமெரிக்காவில் சான் பிரான்சிஸ்கோ அரசுப் பல்கலைக்கழகத்தில் இருப்பதைப் பேராசிரியர் ஆ. இரா. வேங்கடாசலபதி கண்டறிந்தார். நாடு நாடாக அலைந்து பிறர் எடுத்த சுருளைத் தேடியவரின் சுருளைத் தேடி, இன்னொரு தமிழர் அதே அமெரிக்காவரை போக வேண்டியிருந்தது.

படமெடுத்த கதையை அவர் எழுதிய கட்டுரைகளை, அதே பேராசிரியர் பதிப்பாசிரியராக இருந்து 'அண்ணல் அடிச்சுவட்டில்' என்ற நூலாக வெளியிட்டிருக்கிறார். நம் கல்லூரி நூலகத்தில் ஒரு பிரதி இருக்கிறது. பயண நூல்களின் அலமாரியில் தேட வேண்டாம்; காந்தியம் என்று எழுதிய அலமாரியில், கீழிருந்து இரண்டாம் தட்டில் வைத்திருக்கிறார்கள்.